இரண்டாம் இறுவட்டு

1

இந்தக் கதை ஒரு வாழைப்பழப் பெட்டிக்குள் இருந்து வந்தது. அலங்காரத்துக்குச் சொல்லவில்லை. சுவிஸில் ஒருவர் இறந்து அவருடைய வீட்டைக் காலி செய்யும்போது, எஞ்சிய சாமான்களைக் கடைகளில் சும்மா கிடைக்கும் வாழைப்பழப் பெட்டிகளில் அடுக்கித்தான் எங்கள் புறொக்கிக்குக் கொண்டுவருவார்கள். புறொக்கி என்றால் பழைய சாமான் கடை. சோலோதுர்னில் அப்படி ஒன்றில் பதினொரு வருடமாகப் புத்தகங்களையும் இறுவட்டுகளையும் தரம் பிரிப்பவன் நான். பெயர் தவச்செல்வன்.

பெப்ரவரியில் ஒரு கிழவரின் பெட்டியில், பயணப் புத்தகங்களுக்கு அடியில், ஒரு விசிடி கிடைத்தது. பிலிப்பைன்ஸ் படம். 2003 என்று போட்டிருந்தது. விசிடியில் ஒரு முழுப் படம் ஒரு தட்டில் அடங்காது, அதனால் உறைக்குள் இரண்டு. அட்டையில் ஒரு பெண் தோள் தெரிய அழுதுகொண்டிருந்தாள். மூலையில், வயதுவந்தோருக்கு மட்டும் என்ற முத்திரை. அந்த முத்திரை உள்ளவற்றை நாங்கள் விற்பதில்லை. கழிவுப் பெட்டியில் போடுவோம், அதிலிருந்து வேலையாட்கள் விரும்பியதை எடுத்துப் போகலாம். நான் எடுத்துப் போனேன்.

(என்ன படம் என்று தெரிந்தேதான் எடுத்தேன். ஐம்பத்தெட்டு வயதில் பொய் சொல்லி உங்களிடம் நல்ல பெயர் வாங்கி நான் என்ன செய்வது?)

அந்தக் காலத்தில் மணிலாவில் பிலிம் வாங்க வழியில்லாதவர்கள் கையடக்க டிஜிட்டல் கமெராவைத் தூக்கிக்கொண்டு ஆறேழு நாளில் ஒரு படத்தை முடித்தார்களாம். உடுப்புக் குறைவு, கண்ணீர் அதிகம். துரோகம் செய்த கணவன், துரத்தப்பட்ட வேலைக்காரி, கடைசியில் ஒரு மழை. கொஞ்ச விசிடிகள் அடித்து விற்றுவிட்டு, மூலக் கசெற்றின் மேலேயே அடுத்த படத்தை எடுத்தார்கள். அதனால் பல படங்கள் இன்று எங்கேயும் இல்லை. யாரோ ஒருவருடைய அலுமாரியில் தப்பிக் கிடக்கும் விசிடிதான் படம். இதெல்லாம் பிறகு எனக்குச் சொல்லப்பட்டது. முன்பே தெரிந்திருந்தால் என்று ஒரு வசனம் தொடங்கினேன், தொடரவில்லை. தெரிந்திருந்தாலும் செய்திருப்பேன்.

ஞாயிற்றுக்கிழமை மூன்று மணிக்கு ஒரு பெண் எங்கள் வீட்டுக்குச் சாப்பிட வருகிறார். என் மகள் சாருஜா இந்தக் கதையை முதல் தடவையாகப் பார்த்தபடியே அவருக்கு டொச்சில், அதாவது ஜெர்மன் மொழியில், மொழிபெயர்த்து வாசிக்கப் போகிறாள். இன்று வியாழன். கதையில் உள்ள ஒரு பந்தியை வைப்பதா எடுப்பதா என்று அதற்குள் நான் தீர்மானிக்க வேண்டும். எந்தப் பந்தி என்பது வந்ததும் உங்களுக்கே தெரியும்.

2

முதலில் இப்படித் தொடங்கினேன்:

"சிறீதரனுக்கு நாற்பது வயது. கலியாணம் ஆகவில்லை. டீட்டிகோனில் ஒரு களஞ்சியத்தில் வேலை. ஒரு பொருளையும் வேண்டுமென்று உடைத்துப் பழக்கமில்லாதவன், அன்று அந்த இறுவட்டை இரண்டாக"

அங்கே நின்றது. பிறகு இப்படி:

"ஞாபகம் என்பது நீரில் மூழ்கிய கண்ணாடி போல"

[என்ன நீர், என்ன கண்ணாடி. அடித்தாயிற்று.]

மூன்றாம் தடவை மறுபடி சிறீதரனையே பிடித்துக்கொண்டு நாலு பக்கம் ஓடினேன். நன்றாகத்தான் வந்தது. தாடி வைத்தேன், பனிக்குள் நடக்க விட்டேன். செவ்வாய்க்கிழமை பின்னேரம் என் மனைவி சிவகலா அந்த நாலு பக்கத்தையும் குசினி மேசையில் வைத்து வாசித்தாள். தொலைந்துபோன ஒரு படத்தைத் தேடுகிற கதை எழுதுகிறேன் என்றுதான் அவளுக்குச் சொல்லி வைத்திருந்தேன்.

"உந்தச் சிறீதரனுக்கு மனுசி இல்லையெண்டு முதல் பக்கத்திலை கிடக்கு," என்றாள்.

"ஓம்."

"மூண்டாம் பக்கத்திலை, படத்திலை வாற பிள்ளை தன்ர மனுசியோடை வேலை செய்யிறவள் எண்டு கண்டுபிடிக்கிறார். ஆற்றை மனுசி?"

"அது ஒரு பிழை. திருத்தலாம்."

அவள் தாள்களை அடுக்கி வைத்தாள். "என்னைப் பாருங்கோ. அது என்னோடை வேலை செய்யிற ஜொவியோ?"

"ஓம்."

"உடைச்சது நீங்களோ?"

"ஓம்."

"மூண்டு கிழமையா அவள் அந்தப் படத்தைத் தேடித் திரியிறாள். இந்த மேசையிலை இருந்து உங்களிட்டையும் கேட்டவள். நீங்கள் தேடிப் பாக்கிறன் எண்டு சொன்னனீங்கள்." அவளுடைய குரல் உயரவில்லை. உயர்ந்திருந்தால் எனக்கு வசதியாக இருந்திருக்கும். "உடைக்க முந்தி அவளிட்டை ஒரு வார்த்தை கேட்டனீங்களோ?"

சிறீதரனை நான் அந்த இடத்திலேயே கைவிட்டேன். பாவம், அவனுக்கு இந்தக் கேள்விக்குப் பதில் தெரியாது.

"ஞாயிறு அவளைச் சாப்பிட வரச் சொன்னனான்," என்றாள் சிவகலா. "நீங்கள் அவளின்ர படத்தைப் பற்றி எழுதுறியள், சாரு வாசிச்சுக் காட்டுவாள் எண்டும் சொல்லிப்போட்டன். அவளுக்குச் சந்தோசம். இனி நான் அதை மாத்தமாட்டன்."

3

இனி நடந்ததை நடந்தபடி.

ஜொவெலின் என்பது கதைக்காக நான் வைத்த பெயர், ஜொவி அதன் சுருக்கம். என் மனைவியோடு ஒரே முதியோர் இல்லத்தில் பதினைந்து வருடமாகப் பராமரிப்பு வேலை செய்கிறார். 2004இல் ஒரு சுவிஸ்காரரைக் கட்டி இங்கே வந்தார், அது நிலைக்கவில்லை. எங்கள் வீட்டில் இருந்து போகும் இடியப்பத்துக்கு ரசிகை. டொச்சில் பேசிக்கொண்டு போகிறபோது நடுவில் என்னைத் 'தவா அண்ணை' என்று கூப்பிடுவார். அண்ணை மட்டும் தமிழ், சிவகலா பழக்கியது. இந்தக் கதையில் அவர் பேசுவதெல்லாம் என் மனைவியின் தமிழாகத்தான் வருகிறது. அவருக்குக் கொடுக்க என்னிடம் வேறு தமிழ் இல்லை.

ஒரு புதன்கிழமை, எனக்கு விடுமுறை, சிவகலா வேலைக்குப் போய்விட்டாள். பழைய பிளேயரில் முதல் தட்டைப் போட்டேன். படம் தொடங்கியதும் எனக்கு ஏற்பட்டது ஆசை அல்ல, அதிர்ச்சி. அந்தக் கமெரா என்னுடைய கமெரா. அதாவது அதே வகை. 2000ஆம் ஆண்டில் இருந்து பத்து வருடம் சனி ஞாயிறுகளில் நான் சுவிஸ் முழுக்கத் தமிழ்க் கலியாணங்களுக்கும் பெண்பிள்ளைகள் பெரியவளாகும் சாமத்தியவீடுகளுக்கும் வீடியோ எடுத்தவன். வெளிச்சம் போதாவிட்டால் முகம் மஞ்சளாவது, கை வேகமாக அசைந்தால் ஓரம் சீப்புப் பல்லாகக் கிழிவது, எல்லாம் அப்படியே இருந்தது. மணிலாவில் ஒருவன் இதே கருவியால் இந்தப் படத்தை எடுத்த வாரம், நான் சூரிச்சில் ஒரு மண்டபத்தில் யாருக்கோ ஆரத்தி எடுப்பதைப் படம் பிடித்திருப்பேன்.

இரண்டாம் தட்டில் ஒரு குளியல் காட்சி. வேலைக்காரியாக நடித்த பெண் திரும்பினாள். இடது புருவத்தின் நடுவில் ஒரு சின்ன வெட்டு, அந்த இடத்தில் மயிர் இல்லை. அந்தப் புருவத்தை நான் முன்பே பார்த்திருக்கிறேன். சாருஜாவின் சாமத்தியவீட்டில் ஜொவெலின் இரண்டு நிமிடம் ஆடினார், அந்த வீடியோவைத் தொகுத்தவன் நான். ஒரு முகத்தைத் திரையில் நூறு தடவை முன்னும் பின்னும் ஓட்டியவனுக்கு இருபது வயது குறைந்தாலும் அது தப்பாது.

மீதியைப் பார்த்தேன். [இந்த வசனத்துக்குத் திரும்பி வருவேன்.]

தட்டை எடுத்தேன். பாத்திரம் துடைக்கும் துணியில் சுற்றினேன். மேசை விளிம்பில் வைத்து அழுத்தினேன். இரண்டாக உடைந்தது. முதல் தட்டில் அவர் உடுப்போடுதான் வந்தார், அதனால் அதை விட்டுவிட்டேன். ஒரு நல்ல காரியம் செய்தவனுடைய நிம்மதி எனக்கு இருந்தது. அந்தப் பிள்ளையின் மானம் தப்பியது, அவருக்கே தெரியாமல் தப்பியது என்று நினைத்தேன். அதில் கொஞ்சம் பெருமையும் இருந்தது, எழுதவே வெட்கமாக இருக்கிறது.

(இதுதான் நான் சொன்ன பந்தி.)

4

என் தொழிலைப் பற்றிக் கொஞ்சம் சொல்லாவிட்டால் என்னை ஒரு முரடன் என்று நினைப்பீர்கள். நான் முரடன் இல்லை. நான் தொகுப்பாளன்.

கலியாண வீடியோவில் வரக்கூடாதவை வரும். மாப்பிள்ளையின் சித்தப்பா தள்ளாடுவார். ஒரு பெண்ணின் சேலை விலகும். பெம்பிளையின் பழைய சிநேகிதன் மூன்றாம் வரிசையில் இருந்து அவளையே பார்த்துக்கொண்டிருப்பான். எல்லாவற்றையும் வெட்டுவேன். ஒருவரும் என்னிடம் வெட்டச் சொன்னதில்லை. சொல்லாமலே வெட்டுவான் என்றுதான் என்னைக் கூப்பிட்டார்கள். என்னைவிட நல்ல கமெரா வைத்திருந்தவர்கள் இருந்தார்கள், ஆனால் அவர்கள் கேட்டுக் கேட்டு வெட்டினார்கள். கேட்டால் யாருக்கோ முகம் வாடும். நான் கேட்பதில்லை.

* அடிக்குறிப்பாக ஒன்று. 2006இல் வில் நகரத்தில் ஒரு கலியாணம். பெம்பிளையின் தாய் இராசம்மா, புருசனை இழந்தவர். தாலி கட்டும் நேரம் அவர் ஒரு தூணுக்குப் பக்கத்தில் நின்று எட்டிப் பார்த்தார், கமெராவுக்குள் வந்துவிட்டார். நல்ல காரியத்தில் கைம்பெண் முன்னுக்குத் தெரியக்கூடாது என்பது எங்கள் ஆட்களின் எண்ணம், அப்போது என்னுடைய எண்ணமும். பதினொரு வினாடி. வெட்டினேன். மூன்று மாதம் கழித்துப் போன் வந்தது.

"தம்பி, என்ர பிள்ளையின்ர கலியாண வீடியோவிலை நான் எங்கை?"

"அந்த இடத்திலை கசெற் பழுதாப் போச்சுது அம்மா."

"அப்பிடியோ," என்றார். "சரி தம்பி. மெசினுகள்தானே."

சென்ற வருடம் இராசம்மா காலமானார். செத்தவீட்டில் ஒரு திரையில் குடும்பப் படங்கள் ஓடின. மகளின் கலியாணத்தில் இருந்து ஒரு படமும் இல்லை. வெட்டிய துண்டுகளை நான் எறிவதில்லை, அந்தப் பதினொரு வினாடி எங்கள் நிலவறையில் ஒரு பெட்டிக்குள் இருந்தது. நான் மண்டபத்தின் பின்வரிசையில் இருந்தேன். எழும்பிப் போய் மகளிடம் சொல்லவில்லை.

அடிக்குறிப்பு என்றுதான் தொடங்கினேன். கதையைவிடப் பெரிதாகிவிட்டது.

5

உடைத்து ஒரு மாதம் கழித்து, மார்ச் நடுப்பகுதியில், ஜொவெலின் வந்தார். வாசலில் சப்பாத்தைக் கழற்றும்போதே பேசத் தொடங்கிவிட்டார். மணிலாவில் ஒரு மாணவி அந்தக் காலத்துப் படங்களைத் தேடி ஆராய்ச்சி செய்கிறாள். பேஸ்புக்கில் இவரைக் கண்டுபிடித்திருக்கிறாள். இவர் நடித்த ஒரே படத்தின் பிரதி ஒன்றும் எஞ்சவில்லை, உங்களிடம் இருக்கிறதா என்று கேட்டிருக்கிறாள். கிடைத்தால் ஒரு சின்ன அரங்கில் போடுவார்களாம், இவரையும் அழைப்பார்களாம்.

"நீ நடிச்சனியோ? படத்திலையோ?" என்றாள் சிவகலா.

"ஓம். ஒரு படம். ஏழு நாள்." கைத்தொலைபேசியில் அட்டையின் மங்கலான படம் ஒன்றைக் காட்டினார். "தவா அண்ணை, உங்கடை கடைக்கு ஊர்ப்பட்ட சாமான் வருது. சுவிஸ் ஆம்பிளையள் மணிலாவுக்குப் போய் உதுகளை வாங்கி வாறவை. ஒருக்கால் பாருங்கோவன்."

அட்டையைப் பார்த்தேன். தோள் தெரிய அழுகிற பெண். என் கையில் இருந்த தேத்தண்ணிக் கோப்பையை மேசையில் வைத்தேன்.

"இதென்ன மாதிரிப் படம்..." என்று சிவகலா இழுத்தாள்.

ஜொவெலின் சிரித்தார். "அந்த மாதிரித்தான். உடுப்பில்லாமலும் நிண்டனான். பதினைஞ்சு வருசமா நானும் நீயும் ஒரு நாளைக்கு எட்டுப் பேரை உடுப்பில்லாமல் குளிப்பாட்டுறம். உடம்பைப் பாத்து எனக்கென்ன வெக்கம்?"

பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டுச் சொன்னார்.

"கடைசியிலை ஒரு காட்சி. வீட்டுக்காரி என்னைத் துரத்திப்போடுவாள். நான் வாளியோடை படியிலை இருந்து ஒரு நிமிசம் அழவேணும், அவ்வளவுதான். எனக்கு வசனமே எழுதேல்லை. நான் இருந்தன். கதைக்கத் தொடங்கினன். என்ன கதைச்சன் எண்டு இண்டைக்கும் தெரியாது. டைரக்டர் நிப்பாட்டச் சொல்ல மறந்துபோனார். நாலு நிமிசம். முடிச்சுத் திரும்பினால் கமெராக்காரப் பெடியன் அழுகிறான். ஒண்டையும் வெட்டேல்லை, முழுக்கப் படத்திலை வந்தது எண்டு பிறகு சொல்லிச்சினம். நான் பாக்கேல்லை. அதுக்குள்ளை இஞ்சை வந்திட்டன்."

சிவகலா அவருடைய கையைப் பிடித்தாள்.

"என்ர சீவியத்திலை நான் ஒருக்கால்தான் அப்பிடி ஒண்டு செய்தனான், சிவா. நல்லாச் செய்தனோ எண்டு பாக்கவேணும். வேறை ஒண்டுமில்லை."

உடைந்த துண்டுகள் நாங்கள் இருந்த இடத்துக்கு நேர் கீழே, நிலவறையில் இருந்தன. நான் சொன்னேன்: "தேடிப் பாக்கிறன்."

6

முடிவுகள். வெள்ளி காலையில் இருந்து எழுதி அடித்தவை.

அ. படம் கிடைக்கவில்லை என்று சொல்லிவிடுகிறேன். அவர் நம்புவார். இராசம்மாவும் நம்பினார். இந்த முடிவு இரண்டு வரியில் முடியும், யாரும் அழமாட்டார்கள், சாருஜாவுக்கு மொழிபெயர்க்கவும் சுலபம். அதனால்தான் இதைப் பார்க்க எனக்குப் பயமாக இருக்கிறது.

ஆ. உடைக்கும் முன் ஒரு பிரதி எடுத்து வைத்திருந்தேன். பழைய வீடியோக்காரன், பிரதி எடுக்காமல் இருப்பானா? வாசகர்கள் நம்புவார்கள். எடுக்கவில்லை. தெரிந்துகொண்டும் நேற்றுக் கணினியில் இரண்டு தடவை தேடினேன், செய்யாத வேலை எங்காவது கிடக்குமோ என்று.

இ. மணிலா மாணவிக்கு வேறெங்கோ இன்னொரு பிரதி கிடைக்கிறது. நடக்காது என்றில்லை. ஆனால் எழுதும்போது என் குற்றம் குறைந்துகொண்டு வருவதைப் பார்த்துப் பேனை வேகமாக ஓடியது. அடித்துவிட்டேன்.

ஈ. இது சிவகலாவின் யோசனை. இன்று மத்தியானம் சோறு போட்டுக்கொண்டே சொன்னாள்: "உடைச்சதை ஒட்டேலாது. ஆனால் நீங்கள் பாத்தனீங்கள்தானே. அந்த நாலு நிமிசத்தையும் பாத்தபடி எழுதுங்கோ. எங்கை இருந்தாள், கையை என்ன செய்தாள், முகம் எப்பிடி இருந்தது. படம் பிடிச்ச ஆள் நீங்கள், உங்களுக்கு உது தெரியும். அவள் அதையெண்டாலும் கேக்கட்டும்."

நல்ல முடிவு. கதைக்கும் பொருத்தம். படம் போனாலும் எழுத்தில் ஒரு பிரதி மிஞ்சும், இந்தக் கதையே மூன்றாம் இறுவட்டாகிவிடும் என்றெல்லாம் ஒரு பந்தி தயாராக வைத்திருந்தேன். உடனே இருந்து எழுதத் தொடங்கினேன்:

"அவள் படியில் இருக்கிறாள். பக்கத்தில் ஒரு நீல வாளி. அவள்"

7

'மீதியைப் பார்த்தேன்' என்று மூன்றாம் பகுதியில் ஒரு வசனம் இருக்கிறது. திரும்பி வருவேன் என்று சொல்லியிருந்தேன்.

புருவத்தை அடையாளம் கண்டதும் நான் வேகமாக ஓட்டும் பொத்தானை அமத்தினேன். எட்டு மடங்கு வேகம். இன்னும் எத்தனை இடத்தில் அவர் வருகிறார், என்னென்ன வெட்ட வேண்டும் என்று பார்ப்பதற்காக. பழக்கம். அதிலும் முக்கால்வாசி நேரம் முகத்தை யன்னல் பக்கம் திருப்பி வைத்திருந்தேன், மரியாதைக்காக. நாலு நிமிடம் அந்த வேகத்தில் அரை நிமிடமாகும். சத்தம் வராது. ஒரு படி, ஒரு நீல வாளி, வாய் திறந்து திறந்து மூடியது, ஒரு கை நெற்றிக்குப் போய் வந்தது. எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

உலகத்தில் அந்தக் காட்சியைக் கடைசியாக ஒரு ஆள் பார்த்தான் என்றால் அது நான். நானும் பார்க்கவில்லை.

இதை நேற்று, வெள்ளி பின்னேரம், சிவகலாவிடம் சொன்னேன். "அவள் கேக்கப்போறது ஒரு கேள்விதான்," என்றாள். "அதுக்கு நீங்கள் என்ன சொல்லுவியள்?"

 அருமையாக நடித்தீர்கள் என்று சொல்லலாம். அவர் சிரிப்பார், கண் கலங்கும், இடியப்பம் ஆறும். ஆனால் அது மறுபடியும் வெட்டுத்தான், இந்த முறை ஒட்டும் சேர்ந்தது.

இன்று சனி. மூன்றாம் பகுதியில் அந்தப் பந்தியை இரண்டு தடவை எடுத்தேன், இரண்டு தடவை திருப்பி வைத்தேன். இப்போது அது இருக்கிறது. வாசகருக்கு ஒரு முடிவு தரவேண்டும் என்ற கடமை எனக்கு உண்டு, தெரியும். ஆனால் நாளைக்கு மூன்று மணிக்கு என்ன நடக்கிறது என்று நான் எழுதப்போவதில்லை. எழுதினால் தொகுப்பேன். எனக்கு வசதியான இடத்தில் நிறுத்துவேன். அதனால் உங்களை இங்கேயே வாசலில் விட்டுவிடுகிறேன், மன்னிக்க வேண்டும். இனி வருவது உங்களுக்கு எழுதியது இல்லை. நீங்கள் கேட்டுக்கொண்டு நிற்கலாம்.

சாரு, இதுவரை நீ வாசித்திருந்தால், உன் குரல் எங்கேயோ ஒரு இடத்தில் தடுமாறியிருக்கும். உனக்கு முதலே சொல்லாதது என் பிழை. அவசரமில்லாமல் ஆறுதலாக வாசி. ஒரு சொல்லையும் விடாதே, அப்பாவைக் காப்பாற்ற நினைக்காதே.

ஜொவி, மேசையில் பழச்சாடிக்குப் பக்கத்தில் ஒரு பிளாஸ்டிக் உறை இருக்கிறது. முதல் தட்டு முழுசாக இருக்கிறது. அதில் நீங்கள் மூன்று இடத்தில் வருகிறீர்கள், ஒரு தடவை சிரிக்கிறீர்கள். மற்றப் பக்கத்தில் இரண்டு துண்டுகள், ஓரம் கூர், கையைப் பார்த்துக்கொள்ளுங்கள். நல்லாச் செய்தீர்களா என்று கேட்டால் என் பதில் இதுதான்: எனக்குத் தெரியாது, நான் முகத்தைத் திருப்பிவிட்டேன்.

சாரு, இந்த இடத்தில் தாளை வை.

ஜொவி, இனி நீங்கள் கத்தலாம், எழும்பிப் போகலாம், ஒன்றும் சொல்லாமல் இருக்கலாம். எவ்வளவு நேரம் எடுத்தாலும் சரி. நான் உங்களுக்கு நேர் முன்னால், இந்தக் கதிரையில்தான் இருப்பேன். இந்த முறை யன்னல் பக்கம் திரும்பமாட்டேன்.